ஜன்னலுக்குள் நெருப்பு

எல்லையில் சண்டை மூண்ட வாரம், எங்கள் பனியன் கம்பெனிக்கு அவசரமாக ஓர் உள்ளூர் ஆர்டர் வந்தது. நான்கு வயதுப் பிள்ளைகளுக்கான டி-ஷர்ட். நெஞ்சில் ஒரு படம்: மேலே நம் விமானம், கீழே எதிரி நாட்டு நகரம், வீட்டு ஜன்னல்களில் எல்லாம் நெருப்பு.

தரம் பார்க்கிறவன் நான்; முதல் சாம்பிளின் அட்டையில் நான் கையெழுத்துப் போட்டால்தான் பிரிண்டிங் ஓடும். அப்பா கைநாட்டு. அம்மா இன்னொரு கம்பெனியில் தைத்த துணியில் நூல் பிசிறு வெட்டுகிறாள். கையெழுத்துப் போடுகிற வேலை எங்கள் வீட்டில் எனக்குத்தான் முதலில் கிடைத்தது.

சாம்பிளைப் பார்த்ததும் எடுத்த பேனாவை மூடிவிட்டேன். வரைந்தவன் மொட்டைமாடித் துணிக்கொடியைக்கூட விடவில்லை. அதில் சின்னச் சின்னச் சட்டைகள் காய்ந்துகொண்டிருந்தன.

பிரிண்டிங் மாஸ்டர் சிரித்தார். "ஏனுங் தம்பி, குண்டு உங்க ஊட்டு மேலயா வுளுந்துச்சு? சட்டுனு போட்டுக் குடுங்க."

போட மாட்டேன் என்று சொல்லியிருக்க வேண்டும். பயந்துகொண்டு வேறு குற்றம் தேடினேன். லென்ஸ் வைத்துப் பார்த்ததில் நெருப்பின் ஆரஞ்சு நிறம் ஜன்னல் கோட்டைவிட்டு இம்மி விலகியிருந்தது. 'நெருப்பு ஜன்னலுக்குள் இருக்க வேண்டும்' என்று அட்டையில் எழுதித் திருப்பி அனுப்பினேன். ஏதோ அந்த நகரத்தையே காப்பாற்றிவிட்டதுபோல ஒரு நிம்மதி.

மத்தியானத்துக்குள் மறு சாம்பிள் அதே அட்டையோடு வந்துவிட்டது. நெருப்பு ஒவ்வொரு ஜன்னலிலும் கச்சிதமாக உட்கார்ந்திருந்தது. "நீங்க சொன்னது கரெக்ட்டுங்க. இப்பத்தான் நெசமா எரியறாப்புல இருக்குது" என்றார் மாஸ்டர்.

என்மீதே அருவருப்பாக இருந்தது. அட்டையோடு முதலாளியிடம் போனேன்.

"இதுல நான் கையெழுத்துப் போடலீங்க. அந்த ஊட்டுக்குள்ள கொழந்தைங்க இருக்குமுங்க."

"அவனுக நம்மூர்ல குண்டு போட்டா நீ சும்மா இருப்பியா கண்ணு?"

"சண்டைக்கு வர்றவனை அடிக்கட்டுங்க. தூங்கறவங்க மேல யாரு போட்டாலும் கொலைதானுங்க. நம்மாளு போட்டாலும்."

"சண்டைக்கு வர்றவனுக ஊருக்குள்ளதான ஒளிஞ்சுக்கறானுக?"

"நம்ம கம்பெனில திருடன் ஒருத்தன் பூந்துட்டா, எல்லாரையும் உள்ள வெச்சுக் கொளுத்துவீங்களா?"

"படிச்சவனை வெச்சா இதுதான் ரோதனை." என் பேனாவையே வாங்கி அவர் கையெழுத்துப் போட்டார். "போ, போயி வேலையப் பாரு."

என்னை வேலையைவிட்டு அனுப்பவில்லை. சாயங்காலம் பிரிண்டிங் பக்கம் போனேன். ஒப்புதலான அட்டையை நகலெடுத்து எல்லா டேபிளிலும் ஒட்டுவது வழக்கம். அன்றும் ஒட்டியிருந்தார்கள். அடியில் முதலாளியின் கையெழுத்து. அதற்கு மேலே, என் கையால் எழுதியது: 'நெருப்பு ஜன்னலுக்குள் இருக்க வேண்டும்.'

அதைப் பார்த்துப் பார்த்துத்தான் அடித்துக்கொண்டிருந்தார்கள்.