பல் கட்டப் போன இடத்தில்

திண்டுக்கல்லிலிருந்து குஜிலியம்பாறை வரை தேடினாலும் என்னைப் போல் ஒரு முட்டாள் கிடைக்கமாட்டான். ஒரேயொரு கடைவாய்ப் பல் கட்டிக்கொள்ளப் போன இடத்தில், பல்லே இல்லாத மனிதரைப் பல் கட்டாதே என்று தடுத்தவன் நான்.

பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்துப் பல் ஆஸ்பத்திரியில் என் அருகே உட்கார்ந்திருந்தவர் சினிமா நடிகர். நெடிய உருவம், அடர்ந்த வெள்ளை மீசை. முப்பது வருஷம் பஞ்சாயத்துக் காட்சிகளில் முறைத்துக்கொண்டு நின்றபோது யாரும் அவரைக் கவனிக்கவில்லை. பல்லெல்லாம் கொட்டிய பிறகுதான் காமெடிப் படங்களுக்குக் கூப்பிட்டார்கள். வாயைத் திறந்தாலே தியேட்டர் குலுங்கியது. இப்போது அவர் ஒரு முறுக்கை டீயில் முக்கி, அது ஊறும் வரை அதையே முறைத்துக்கொண்டிருந்தார்.

"பல்லுக் கட்டவாண்ணே வந்தீக? வேணாம்ணே! இந்தப் பொக்கை வாய்க்குத்தானே ஊரே சிரிக்குது!"

"இதைச் சொல்ற நாலாவது ஆளு நீ. கட்டுனா அடுத்த படம் இல்லேன்னு டைரக்டரும் சொல்லிட்டான்."

"பெறகென்ன? எங்களுக்காக இப்படியே இருங்கண்ணே!"

முறுக்கு உடைந்து டீக்குள் விழுந்தது. விரலை விட்டுத் தேடியபடியே கேட்டார்:

"நீ வந்து மென்னு குடுப்பியா?"