ஆறு நாற்காலிகளும் ஒரு ரம்பமும்

ஸ்ரீவில்லிபுத்தூரில் நான் குமாஸ்தாவாக இருந்த வக்கீல் ஆபீசில், ஐந்து பேர் ஒரே கூடத்தில் ஜமக்காளம் விரித்துச் சம்மணம் போட்டு உட்கார்ந்து, ஆளுக்கொரு சாய்வுப் பெட்டியை முன்னால் வைத்துக்கொண்டு பிராதுகளை நகல் எடுப்போம். கூடத்தின் கோடியில் வக்கீலுக்கு மட்டும் ஒரு நாற்காலி. எங்களுக்குத் தெரிந்தவரை உலகம் முழுக்க அப்படித்தான் உட்கார்ந்திருந்தது.

ஒரு கேஸ் விஷயமாகச் சென்னைக்குப் போன வக்கீல் வேறு ஆளாகத் திரும்பி வந்தார். அங்கே ஒரு பெரிய ஆபீசில் குமாஸ்தாக்கள் எல்லோரும் நாற்காலியில் உட்கார்ந்து மேஜைமேல் எழுதுகிறார்களாம். வந்த மறுநாளே ராஜபாளையத்து ஆசாரிக்கு ஆள் அனுப்பி, ஆறு நாற்காலியும் மூன்று மேஜையும் செய்யச் சொல்லிவிட்டார். அப்போதுதான் எங்கள் ஐந்து பேருக்கும் மேலே இருந்த தலைமை குமாஸ்தா வயதாகி, வேலையை விட்டு மகன் வீட்டோடு போயிருந்தார். வக்கீல் என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"ஓய், வைகாசி பொறந்ததும் மதுரையிலேர்ந்து என் சினேகிதர் வாரார். அவரும் வக்கீல்தான். அவர் ஆபீசுல இன்னும் தரையிலதான் உக்காந்து எழுதுறாங்க. நம்ம ஆபீசப் பாத்து அவர் வாயடைச்சு நிக்கணும். அதுக்குள்ள இவங்க அம்புட்டுப் பேரையும் நாற்காலியில உக்கார வச்சீர்னா தலைமை குமாஸ்தா நீர்தான். இல்லேன்னா மதுரையிலேயே ஒரு ஆளப் பாத்துக் கூட்டியாந்துருவேன்."

ஒன்பது வருஷம் நகல் எடுத்து விரல் காய்த்துப்போனவன் நான். எங்கிருந்தோ வரும் மதுரைக்காரனுக்குக் கீழே வேலை பார்ப்பதை நினைத்தாலே எனக்குச் சோறு இறங்கவில்லை. வீட்டில் விஷயத்தைச் சொன்னது அதைவிடப் பெரிய தப்பு. மறுநாள் காலை தண்ணீருக்குப் போன என் மனைவி, குடத்தோடு திரும்புவதற்குள் தெரு முழுக்க என்னைத் தலைமை குமாஸ்தா ஆக்கிவிட்டாள். இனிமேல் பின்வாங்க வழியில்லை.

சாமான்கள் மாட்டுவண்டியில் வந்து இறங்கின. யாரும் உட்காரவில்லை. எசமான் இருக்கும் கூடத்தில் தரையில் உட்காரலாம். அது அவருக்குக் கீழே. நாற்காலியில் உட்கார்ந்தால் அவருக்குச் சமமாக உட்கார்ந்ததாகிவிடும். எங்கள் ஊரில் அதற்குத் திமிர் என்று பெயர். வக்கீல் காலையில் வந்தார், எழுந்து நின்றோம். அவர் உட்கார்ந்தார், நாங்கள் நின்றுகொண்டே இருந்தோம். நின்றபடியே மேஜைமேல் குனிந்து எழுதினோம். மூன்றாம் நாள் அவர் பொறுக்கமாட்டாமல், "உக்காருங்கன்னு சொல்லுதேன்ல!" என்று கத்தினார். பயந்துபோய் உட்கார்ந்தோம். அவர் பொடிடப்பியை எடுக்கக் கையை நீட்டினார். ஐந்து பேரும் எழுந்துவிட்டோம். உள்ளதைச் சொன்னால், முதலில் எழுந்தவன் நான்தான்.

என்னைவிட மூன்று வருஷம் மூத்த குமாஸ்தா ஒருவர் இருந்தார். நாங்கள் நிற்க நிற்க அவருக்குக் கொண்டாட்டம். மாறுதல் தானாகச் செத்துவிடும், பதவி தன்னைத் தேடிவரும் என்பது அவர் கணக்கு. "ஏம்வே, அதுல உக்காந்தா காலு ரெண்டும் அநாதையாத் தொங்குது. அதை எங்கவே வைக்க?" என்று என்னிடமே கேட்டார்.

சுந்தரபாண்டியத்திலிருந்து வந்த ஒரு கட்சிக்காரர், கூடத்தில் ஐந்து பேர் தலைகுனிந்து நிற்பதைப் பார்த்ததும் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு தானும் ஓரமாக நின்றுவிட்டார். செத்த நேரம் கழித்து என் காதோரம் வந்து, "யாரு தவறிட்டாக?" என்று கேட்டார். அவரை நம்பவைத்து உட்கார வைப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது.

வைகாசிக்குப் பத்து நாள்தான் இருந்தது. வக்கீலுக்குச் சமமாக இருப்பதுதானே தகராறு, நாற்காலியைத் தாழ்த்திவிட்டால் என்ன என்று எனக்குத் தோன்றியது. அவர் இரண்டு நாள் வெளியூர்க் கோர்ட்டுக்குப் போன சமயம் பார்த்து ஆசாரியை ரம்பத்தோடு வரவழைத்தேன்.

"சாமி, இப்பத்தான் பெத்துப் போட்ட பிள்ளை மாதிரி இருக்கு. இத அறுக்கச் சொன்னா எங்கையி ஓடுமா?" என்றார் ஆசாரி. கொஞ்சம் கெஞ்சியதும் ஓடியது.

வக்கீல் நாற்காலியைவிட மூத்தவருடையது நாலு விரற்கடை குறைவு, அதைவிட என்னுடையது இரண்டு விரற்கடை குறைவு என்று வரிசையாக அறுத்தோம். கடைசி இரண்டு பேரும் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். இருவருக்கும் ஒரே உயரம் வைத்தோம். ஆனால் அவர்களில் ஒருவர் நெட்டை, உட்கார்ந்தால் தலை மேலே போய் நின்றது. மற்றவர் ஒத்துக்கொள்ளவில்லை. நெட்டையின் நாற்காலியை இன்னும் அறுத்தோம். அங்கேதான் வந்தது வினை. பார்க்கவேண்டியது நாற்காலியின் உயரமா, தலையின் உயரமா? தலைதான் என்று ஏகமனதாக முடிவாயிற்று. முடிவான பிறகுதான் எங்கள் வக்கீல் குள்ளம் என்பது எல்லோருக்கும் ஞாபகம் வந்தது.

அவர் தலைப்பாகையைச் சேர்த்து அளப்பதா, சேர்க்காமல் அளப்பதா என்று அரைநாள் வாதம் நடந்தது. வெயில் காலத்தில் கழற்றி வைத்துவிடுவார் என்பதால் சேர்க்கவில்லை. அவர் சாய்ந்து சாய்ந்து சுவரில் பதிந்திருந்த எண்ணெய்க் கறையைக் குச்சியால் அளந்து, ஆசாரி வேலையை முதலிலிருந்து ஆரம்பித்தார். இரண்டாம் நாள் சாயங்காலம் நாற்காலிகள் ஒரு சாண் உயரத்துக்கு வந்திருந்தன. உட்கார்ந்தால் மேஜை தலைக்கு மேலே நின்றது. அதையும் அறுத்தோம். கடைசியில் பழைய சாய்வுப் பெட்டி எவ்வளவு உயரமோ அவ்வளவு உயரத்தில் மூன்று மேஜைகள் கிடைத்தன. சாய்வுதான் இல்லை.

மறுநாள் ஐந்து பேரும் உட்கார்ந்து எழுதுவதைப் பார்த்து வக்கீல் குனிந்து நாற்காலிக் கால்களைப் பார்த்தார். பிறகு, "நாற்காலிதானே?" என்று கேட்டார். "நாற்காலிதான் எசமான்" என்றேன். அதற்குமேல் அவர் கேட்கவில்லை.

அந்த நாற்காலியில் ஒரே ஒரு சங்கடம். உட்கார்ந்தால் முழங்கால் நெஞ்சுக்கு வந்துவிடும். எழுந்திருக்க வேண்டுமானால் பக்கவாட்டில் சரிந்து, மேஜையைப் பிடித்து, பக்கத்து ஆள் தோளைப் பிடித்து எழவேண்டும். வக்கீலின் வண்டிச் சத்தம் தெருமுனையில் கேட்கும்போதே நாங்கள் அந்த வேலையைத் தொடங்கிவிடுவோம். வைகாசி பிறந்ததும் வந்த மதுரை வக்கீலோ சத்தமில்லாமல் நடந்து வந்து, எங்கள் வக்கீலோடு கூடத்துக்குள் நுழைந்துவிட்டார். ஐந்து பேரும் தவித்தோம். மூத்தவர் பாதி எழுந்து, நாற்காலியும் கூடவே வர, மறுபடி அதிலேயே விழுந்தார். தொலைந்தது என் பதவி என்று கண்ணை மூடிக்கொண்டேன்.

"அடடா!" என்றார் வந்தவர். "எங்க ஆபீசுல நான் தலையக் காட்டினா அம்புட்டுப் பேரும் எந்திரிச்சு நின்னுக்குவான். பொறவு அரைமணி நேரம் வேலை ஓடாது. இங்க ஒருத்தராவது அசையிறாரா பாருங்க! சென்னையிலகூட நான் இதப் பாத்ததில்லே. எப்படிய்யா பழக்குனீங்க?"

எங்கள் வக்கீல் என்னைக் கைகாட்டினார். "எல்லாம் எங்க தலைமை குமாஸ்தா ஏற்பாடு."

அன்று வீட்டில் பாயசம். திங்கட்கிழமை சலவை வேட்டி கட்டி, என் மனைவி இட்டுவிட்ட திருமண்ணோடு ஆபீசுக்குப் போனேன். வக்கீல் கோர்ட்டுக்குப் புறப்பட்டுப் போயிருந்தார். தலைமை குமாஸ்தாவின் நாற்காலி மட்டும் அறுபடாமல் இருந்தது. அறுத்த அன்று அதற்கு ஆள் இல்லாததால் அளக்கத் தலை இல்லை. நான் வாசலில் நின்றேன். நான்கு பேரும் எழுதிக்கொண்டிருந்தார்கள். மூத்தவர் நிமிர்ந்து பார்த்து, "வாரும்வே" என்று சொல்லிவிட்டுத் திரும்பவும் குனிந்துகொண்டார்.

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. பழைய தலைமை குமாஸ்தா வரும்போது ஒன்பது வருஷம், ஒருநாள் தவறாமல், நான் எழுந்து நின்றிருக்கிறேன். என் முறை வரும்போது இவர்களுக்கு எழ முடியவில்லையாம். உயரமான நாற்காலியில் ஏறி உட்கார்ந்து, அவர்கள் உச்சந்தலைகளையே மத்தியானம்வரை பார்த்துக்கொண்டிருந்தேன். அதுவும் போதவில்லை.

ஆசாரிக்குச் சொல்லியனுப்பி, நாலு நாற்காலிக்கும் ஒட்டுப்போட்டுக் கால்களைப் பழைய உயரத்துக்குக் கொண்டுவரச் சொன்னேன், மேஜைகளையும்தான். வக்கீல் ஏன் என்று கேட்டதற்கு, எல்லோருக்கும் முட்டி வலிக்கிறதாம் என்றேன். வேலை முடிந்த அன்றிலிருந்து வக்கீல் இருக்கும்போது ஐந்து பேரும் அவருக்காக நின்றுகொண்டு எழுதினோம். மதுரைக்காரர் பார்த்துவிட்டுப் போய்விட்டதால் அவரும் அதைக் கண்டுகொள்ளவில்லை. அவர் கோர்ட்டுக்குப் போனபிறகு நான்கு பேரும் எனக்காக நின்றார்கள். முதலில் எழுந்தவர் மூத்தவர்தான். மேஜையைப் பிடித்துக்கொண்டு காலை மாற்றி மாற்றி ஊன்றினார். எனக்கு வெட்கமாகத்தான் இருந்தது. உட்காருங்கள் என்று நான் சொல்லவில்லை.