குடித்துக் காட்டியவர்

மஹய்யாவயில் எங்கள் கடைக்கு மண்ணெண்ணெய் எடுக்க, ஹுன்னஸ்கிரிய மலையடிவாரத்து எண்ணெய்க் கிடங்குக்கு நான் மாட்டுவண்டியில் போவதுண்டு. அங்கே புல்கூடக் கறுத்துத்தான் முளைக்கும். ஓட்டைப் பீப்பாய்களிலிருந்து கசியும் எண்ணெய் கீழே ஓடையில் கலந்து நிறநிறமாய் மினுங்கும். தேயிலைத் தோட்டத்து லயங்களில், அந்த வரிசை வீடுகளில், குடியிருந்த சனங்களுக்குக் குடிதண்ணீர் அந்த ஓடைதான்.

கிடங்குப் பொறுப்பாளர் வெள்ளைக் கோட்டும் முறுக்கு மீசையுமாக இருப்பார். பேச்சுக்கு நடுவே தன் விரல்களை முகர்ந்து பார்த்துக்கொள்வார்.

ஒருநாள் லயத்துப் பெண்ணொருத்தி குடத்தோடு வந்து நின்றாள்.

"ஐயா, எம்புள்ள குடிச்சதையெல்லாம் வாந்தி எடுக்குது. அந்த ஓட்டப் பீப்பாயெல்லாம் மாத்துங்க. இல்லாட்டி இந்தத் தண்ணிய நீங்களே ஒரு வாய் குடிச்சுப் பாருங்க."

அவர் கோபப்படவில்லை. செம்பை நீட்டி நிரப்பச் சொன்னார். எண்ணெய் மிதந்த அந்தத் தண்ணீரை முகம் சுளிக்காமல் கடைசிச் சொட்டுவரை குடித்தார்.

"பாத்தியா? எனக்கு ஒண்ணும் செய்யல. உம்புள்ளைக்கு வேற என்னமோ நோவு. போ."

அவள் என்னைப் பார்த்தாள். நான் மாட்டின் பக்கம் திரும்பிக்கொண்டேன். குடத்தைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள்.

"நாலு பீப்பாய மாத்தியிருக்கலாமே?" என்றேன்.

"மாத்தினா, தப்பு நம்ம மேலன்னு ஆயிருமே," என்றார், மீசையைத் துடைத்தபடி.

பொய் சொல்லித் தப்பித்தவர்கள் பலரைக் கண்டிருக்கிறேன். ஒரு குழந்தையின் நோவைப் பொய்யாக்கத் தன் வயிற்றிலேயே அந்தத் தண்ணீரை ஊற்றிக்கொண்ட மனிதரை வேறெங்கும் கண்டதில்லை. அது அவருக்கு எப்படித் தொண்டையில் இறங்கியது என்பது இன்றுவரை எனக்கு விளங்கவில்லை.