போர்சைன் என்றொரு ஊர்

எங்க வீட்டுக்காரர் அகஸ்டின் பொய் சொல்ல மாட்டாரு. இதைப் பெருமையா சொல்றேன்னு நெனச்சுடாதீங்க. இருபத்தாறு வருசம் அவரோட குடும்பம் நடத்தினவ சொல்றேன், அது ஒரு வியாதி.

பொண்ணு பாக்க வந்த அன்னிக்கு எங்கம்மா போட்ட காப்பியக் குடிச்சாரு. "எப்படி இருக்கு மாப்ள?"ன்னு எங்கப்பா ஒரு பேச்சுக்குக் கேட்டாரு. "தண்ணியா இருக்கு மாமா"ன்னாரு. காப்பி தண்ணியாத்தான் இருந்துச்சு, அது வேற விசயம். எங்கம்மா கண்ணை மூடுற வரைக்கும் அதைச் சொல்லிக் காட்டிக்கிட்டே இருந்தாங்க.

எங்களுக்குக் காரைக்கால் பக்கம் டி.ஆர்.பட்டினம். வாரத்துல ஆறு நாள் அவருக்கு வெல்டிங் பட்டறையில வேலை. ஞாயித்துக்கிழமை மட்டும் சொந்தமா பன்னிக்கறிக் கடை. காலைப் பூசை முடிஞ்சு வர்ற சனங்க வாங்கிட்டுப் போவாங்க, பதினொரு மணிக்குப் பலகையைக் கழுவிக் கவுத்துடுவாரு. "கறி இளசா அகஸ்டின்?"ன்னு யாராவது கேட்டா, "இல்லீங்க, முத்தல். ரெண்டு விசில் கூட விடுங்க"ன்னு சொல்லிட்டுத்தான் வெட்டுவாரு. இப்படியும் ஒரு வியாபாரியான்னு நான் தலையில அடிச்சுக்குவேன்.

நான் காரைக்கால்ல ஒரு தனியார் ஆஸ்பத்திரியில நர்சு. ட்யூட்டிக்குப் போறதுக்கு முன்னாடியும் வந்த பின்னாடியும் அக்கம்பக்கத்துல ஊசி போட்டு விடுவேன்.

பக்கத்து வீடு தெட்சிணாமூர்த்தி சார். அரசாங்க ஆபீசுல ஹெட் கிளார்க்கா இருந்து ரிடையர் ஆனவரு. சுத்த சைவம். அவரு சம்சாரம் திரிபுரசுந்தரி அம்மா அவரைவிட சைவம். கிறிஸ்மசுக்கு நாங்க கேக் கொடுத்தனுப்பினா தட்டைப் பளபளன்னு கழுவி, நாலு வாழைப்பழம் வச்சுத் திருப்பி அனுப்புவாங்க. கேக் என்னாச்சுன்னு நாங்க கேட்டதில்ல.

பதினோரு வருசத்துக்கு முன்னாடி கறிக்கடை எங்க வீட்டு வாசல்லதான் இருந்துச்சு. சார் அது மேல ஒரு பெட்டிஷன் எழுதிப் போட்டாரு. நாலு பக்கம், முழுக்க இங்கிலீஷ். விசாரிக்க ஒரு ஆபீசர் வந்தாரு. "வாடை அடிக்குமாப்பா?"ன்னு இவரைக் கேட்டாரு.

"அடிக்கும் சார்."

"பக்கத்து வீட்டுக்குப் போகுமா?"

"மேக்காத்து அடிச்சா போகும் சார்."

கேசு அதோட முடிஞ்சுது. நமக்கு எதிராளியே தேவையில்ல, நம்ம வீட்டு ஆளே போதும். கடை வாஞ்சூர் ரோட்டுக்குப் போச்சு. துறைமுகத்துக்கு நிலக்கரி லாரி போற ரோடு அது. ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் கறி மேல விழுற கரியை ஊதி ஊதி விக்கிறாரு. பெட்டிஷனோட நகல் ஒண்ணு எங்களுக்கும் கொடுத்தாங்க. கோவத்துல முதல் பக்கத்துக்கு மேல நான் படிக்கல, மடிச்சு பீரோவுல போட்டுட்டேன்.

அன்னியிலேருந்து ஆம்பளைங்க ரெண்டு பேருக்கும் பேச்சு வார்த்தை கெடையாது. நானும் சுந்தரியம்மாவும் மட்டும் நெஞ்சளவு மதில் மேல கறிவேப்பிலை கொடுத்து வாங்கிக்குவோம்.

போன வருசம் சார் காசிக்குப் போனாரு. ரயில்ல ரெண்டு நாள் காலைத் தொங்கப் போட்டு உக்காந்தே போயி, உக்காந்தே வந்தாரு. வந்த மூணாம் நாள் இடது கால் தொடை வரைக்கும் வீங்கிடுச்சு. ஸ்கேன் எடுத்தா, உள் ரத்தக் குழாய்ல ரத்தம் கட்டியாயி அடைச்சுக்கிட்டு நிக்குது. கால் போறது ஒரு பக்கம். அந்தக் கட்டியில ஒரு துண்டு பிச்சுக்கிட்டு நுரையீரலுக்குப் போச்சுன்னா ஆளே போயிடுவாரு. காலையில ஒரு ஊசி, சாயங்காலம் ஒரு ஊசி, தொப்புளைச் சுத்தி மடிப்பு பிடிச்சுப் போடணும்னு எழுதிக் கொடுத்தாங்க. கேன்டீன்ல முட்டை அவியற வாசனை வருதுன்னு மூணாம் நாளே சண்டை போட்டு வீட்டுக்கு வந்துட்டாரு. ஊசி போடுற வேலை என் தலையில விழுந்துச்சு.

முதல் நாள் ஊசி போட்டுட்டு வந்து சோறு போடும்போது, வாய் சும்மா இருக்காம இவருகிட்ட சொல்லிட்டேன்.

"அந்த மருந்து எதுலேருந்து எடுக்கறாங்கன்னு தெரியுமா? பன்னிக் குடல்லேருந்து."

இவரு கையில எடுத்த சோத்தைத் தட்டுலயே வச்சாரு. "குடலா?"

"குடலோட உள்தோல். அதுல ஒரு வகை சர்க்கரை இருக்கு. தித்திக்கிற சர்க்கரை இல்ல, சங்கிலி மாதிரி நீள நீளமா கோத்த சர்க்கரை. அதைப் பிரிச்சு எடுத்தா ரத்தம் உறையாமப் பாத்துக்கும்."

"வாராவாரம் நான் குழி தோண்டிப் பொதைக்கிறேனே, அதையா?"

"அதையேதான்."

பாவம், எத்தனை குழி தோண்டியிருப்பாரு. அப்புறம் கேட்டாரு, "சாருக்குத் தெரியுமா?"

"தெரியாது. தெரிஞ்சா நிறுத்திடுவாரு. மாத்திரையும் சேத்துத்தான் கொடுத்திருக்காங்க, ஆனா அது ரத்தத்துல பிடிக்க ஒரு வாரம் ஆவும். அது வரைக்கும் இந்த ஊசிதான் காவல். நடுவுல நிறுத்தினா போய்ச் சேந்துடுவாரு."

"யாராவது கேட்டா நான் மறைக்க மாட்டேன், ஜோஸ்பின்."

"உங்கள யாரு கேக்கப் போறா? பதினோரு வருசமா உங்க மூஞ்சியவே பாக்காத மனுசன்" அப்படின்னு சொல்லிட்டு நான் நிம்மதியா ரசத்தை ஊத்தினேன். நர்சுங்கிற முறையில நான்தான் சாருகிட்ட சொல்லியிருக்கணும். அது எனக்குத் தெரியாம இல்ல. ஆனா சுந்தரியம்மா மூஞ்சியப் பாத்தா வாய் வரல.

நாலாம் நாள் காலையில நான் கொல்லைக் குழாயடியில துணி அலசிக்கிட்டு இருந்தேன். இவரு மதிலோரமா கறிக்கடைப் பலகைய உப்பு போட்டுத் தேச்சுக்கிட்டு இருந்தாரு. அந்தப் பக்கம் தெட்சிணாமூர்த்தி சார் ஒரு கையால மதிலைப் பிடிச்சுக்கிட்டு வந்து நின்னாரு. இன்னொரு கையில ஊசி மருந்துப் பெட்டி. பின்னால வாசப்படியில சுந்தரியம்மா கீரை ஆஞ்சுக்கிட்டு இருந்தாங்க.

"அகஸ்டின்"ன்னாரு.

இவரு பின்னாடி திரும்பிப் பாத்தாரு, வேற அகஸ்டின் யாராவது நிக்கிறாங்களான்னு.

"ஒரு சந்தேகம்ங்க. இந்தப் பெட்டியில போர்சைன்னு போட்டிருக்கு. போர்சைன்னா என்னங்க?"

ஊர்ல எத்தனையோ பேரு இருக்கையில, பன்னிக்கறிக் கடைக்காரர்கிட்ட வந்து, அதுவும் இந்த ஊமைக் கோட்டான் வாயத் தொறந்தா உண்மையைத் தவிர வேற ஒண்ணும் வராத ஆளுகிட்ட வந்து கேக்குறாரு. பெட்டியில போட்டிருக்கிற அந்த வார்த்தைக்குப் பன்னின்னு அர்த்தம். அது நான் சொல்லி இவருக்கும் தெரியும். ஒரே ஒரு வார்த்தை சொன்னாப் போதும், பதினோரு வருசத்துக் கணக்கு நேராயிடும். பொய்யும் சொல்ல வேண்டியதில்ல, பாவமும் இல்ல.

இவரு கையில உப்போட எழுந்திரிச்சாரு. சாரோட மூஞ்சியப் பாத்தாரு. மதிலுக்கு மேல எட்டி அந்த வீங்கின காலைப் பாத்தாரு. அப்புறம் கீரை ஆயறத நிறுத்திட்டுக் காதைத் தீட்டி வச்சிருந்த சுந்தரியம்மாவையும் பாத்தாரு.

"அது ஊருங்க சார்"ன்னாரு.

"ஊரா?"

"பிரான்ஸ்ல இருக்கு."

"பிரான்ஸ்ல எங்கங்க?"

"லியோனுக்குப் பக்கத்துல சார். அங்க இருக்குற எங்க சித்தப்பா வீட்டுலேருந்து பஸ்ஸுல போவணும்."

"அங்கதான் இந்த மருந்தைத் தயார் பண்றாங்களா?"

"ஆமாங்க சார்."

சார் பெட்டிய இப்படியும் அப்படியும் திருப்பிப் பாத்தாரு. "சரி"ன்னுட்டு உள்ளே போயிட்டாரு.

இவரு தண்ணி டிரம்மு மேல போயி உக்காந்தாரு. "ஒரு ஊரையே உண்டாக்கிட்டேன் ஜோஸ்பின்"ன்னாரு. எனக்குச் சிரிப்பு வரல. அந்த மனுசனை நெனச்சு அழுகைதான் வந்துச்சு.

சனிக்கிழமை கோயிலுக்குப் போயி, செஞ்ச பாவத்தை ஃபாதர்கிட்ட சொல்லிப் பாவசங்கீர்த்தனம் பண்ணிட்டு வந்தாரு. உள்ள நடந்ததை வெளிய சொல்லக் கூடாது. ஆனா இவருகிட்ட நான் கேட்டேன், அதனால சொல்லிட்டாரு. போர்சைன் எங்கன்னு ஃபாதர் ரெண்டு தடவ கேட்டாராம். மூணு தடவ அருள் நிறைந்த மரியே செபம் சொல்லச் சொன்னாராம், வைத்தியம் முடிஞ்சதும் நேர்ல போயி உண்மையைச் சொல்லிடணும்னாராம்.

அதுக்குள்ள அந்த ஊரு வளர ஆரம்பிச்சுடுச்சு. "எங்க வீட்டுக்காரருக்கு மருந்து போர்சைன்லேருந்து வருது"ன்னு சுந்தரியம்மா மாரியம்மன் கோயில் வரைக்கும் சொல்லி வச்சிருந்தாங்க. காரைக்கால் பக்கத்துல பிரான்சைப் பத்திப் பொய் சொல்றது பெரிய ஆபத்து. ரெண்டு தெருவுக்கு ஒருத்தர் அங்க இருப்பாங்க. சுந்தரியம்மாவோட அண்ணன் மகன் கார்த்திகேசன் பாரிஸ்ல ஓட்டல் வேலையில இருக்கான். நான் வயித்துல மடிப்பைப் பிடிச்சு ஊசிய ஏத்திக்கிட்டு இருக்கும்போதே அவனுக்கு வீடியோ கால் போட்டாங்க.

"ஏண்டா, போர்சைன்னு ஒரு ஊரு இருக்காமே, போயிருக்கியா?"

"அப்படி ஒரு ஊரு நான் கேள்விப்பட்டதில்லையே அத்தை"ன்னான் அவன்.

என் கை அப்படியே நின்னுடுச்சு. படுத்திருந்த சார் அங்கேருந்தே குரல் கொடுத்தாரு. "பாரிஸ்ல இருக்குறவனுக்குப் பட்டிக்காடெல்லாம் எப்படித் தெரியும்? ஃபோனை வையி, சிஸ்டர் ஊசி போடட்டும்." ஏதோ ஆண்டவர் புண்ணியத்துல தப்பிச்சோம்னு நான் நெனச்சுக்கிட்டேன்.

ஏழு நாள் கழிச்சு ரத்தம் எடுத்துப் பாத்தா மாத்திரை இன்னும் பிடிக்கல. ஊசி இன்னும் அஞ்சு நாள்னாங்க. அந்த அஞ்சு நாளும் இவருக்குச் சரியா சோறு எறங்கல. பன்னெண்டாம் நாள் ரிசல்ட் நல்லா வந்துச்சு. வீக்கம் வடிஞ்சு கணுக்கால் எலும்பு தெரிஞ்சுது. கடைசி ஊசியப் போட்டுட்டு வந்தேன்.

ஞாயித்துக்கிழமை கடைய முடிச்சுட்டு இவரு குளிச்சு வெள்ளைச் சட்டை போட்டாரு. "போயி சொல்லிட்டு மன்னிப்புக் கேட்டுட்டு வரேன்"ன்னாரு.

எனக்கு வந்துச்சே கோவம். யாரு யாருகிட்ட மன்னிப்புக் கேக்குறது? பீரோவைத் தொறந்து பெட்டிஷனை எடுத்தேன். "இந்த மனுசன் உங்களப் பத்தி என்னென்ன எழுதியிருக்காருன்னு கேட்டுட்டுப் போங்க"ன்னு படிச்சுக் காட்ட ஆரம்பிச்சேன். முதல் பக்கம் முடிஞ்சுது. ரெண்டாம் பக்கம் மூணாவது வரியில நின்னுட்டேன்.

பன்னி நாத்தம்னு சொல்றதுக்கு சார் அங்க ஒரு இங்கிலீஷ் வார்த்தை போட்டிருந்தாரு. போர்சைன். கீழ ஸ்கேல் வச்சுக் கோடு வேற இழுத்திருந்தாரு.

இவருகிட்ட விரலை வச்சுக் காட்டினேன். எழுத்துக் கூட்டிப் படிச்சாரு. "அப்ப அவருக்கு அர்த்தம் தெரியுமா?"

"பதினோரு வருசமாத் தெரியும்."

"பின்ன எதுக்கு என்னைக் கேட்டாரு?"

வேற யாரா இருந்தாலும் இதை மனசுல போட்டுக் கொழப்பிக்குவாங்க. இவரு நேராக் கேக்கப் போயிட்டாரு. நானும் பின்னாடியே போனேன். மதிலுக்கு அந்தப் பக்கம் சார் நாக்காலியில உக்காந்து காலை முக்காலி மேல நீட்டியிருந்தாரு. சுந்தரியம்மா அடுப்படியில.

இவரு பெட்டிஷனை மதில் மேல வச்சு அந்த வரியைக் காட்டினாரு. "சார், உங்களுக்குத் தெரிஞ்சிருக்கு."

சார் மூக்குக் கண்ணாடியக் கழட்டினாரு. "தெரியும்ங்க"ன்னாரு.

"அப்புறம் ஏன் சார்?"

சார் கண்ணாடிய வேட்டி நுனியில தொடைச்சாரு. "பயமா இருந்துச்சு அகஸ்டின். சாவறதுக்குப் பயமா இருந்துச்சு. பெட்டியில அதைப் படிச்சதும் ஊசிய நிறுத்திடணும்னு தோணுச்சு. நிறுத்தவும் தைரியம் இல்ல. யாராவது அது அப்படி இல்லைன்னு சொல்லிட்டா நானும் நம்பிக்கலாம், சுந்தரியும் நம்பிக்குவா. அவளுக்குத் தெரிஞ்சா ஒரு வாய் சோறு எறங்காதுங்க."

எனக்குப் பொறுக்கல. "அதை என்கிட்ட கேட்டிருக்கலாமே சார். நான்தானே ஊசி போட்டேன்?"

"நீங்க தயங்காம ஒரு பொய் சொல்லிடுவீங்க சிஸ்டர். அதை நம்ப முடியாது. பொய்யே சொல்லாத ஆளு ஒருத்தர் சொல்லணும். ஊர்ல அப்படி இவரு ஒருத்தர்தான் இருக்காரு."



"நான் உண்மையைச் சொல்லியிருந்தா?"ன்னு இவரு கேட்டாரு.

"அன்னிக்கே நிறுத்தியிருப்பேன்."

"நானும் அப்படித்தான் சார் நெனச்சேன்."

உள்ளேருந்து சுந்தரியம்மா வர்ற சத்தம் கேட்டுச்சு. சார் பெட்டிஷனை மடிச்சு மடியில செருகிக்கிட்டாரு. சுந்தரியம்மா கையில ரெண்டு டம்ளர். ஒண்ணை மதில் மேல இவருக்கு நீட்டினாங்க. பதினோரு வருசத்துல அந்த வீட்டுலேருந்து இவருக்கு வந்த முதல் காப்பி.

"தம்பி, உங்ககிட்ட கேக்கணும்னே இருந்தேன். அந்தப் போர்சைன் நல்ல ஊராப்பா?"

இவரு சாரைப் பாத்தாரு. சார் தன் கால் கட்டை விரலைப் பாத்துக்கிட்டு இருந்தாரு.

"நல்ல ஊரும்மா"ன்னாரு இவரு. "ஆத்தங்கரையில இருக்கு. சனங்க எல்லாம் ரொம்ப நல்ல மாதிரி."

சுந்தரியம்மா கையெடுத்து ஒரு கும்பிடு போட்டாங்க. அந்த ஊருக்கா, இவருக்கான்னு தெரியல. "நல்லா இருக்கட்டும்"ன்னாங்க. அப்புறம், "காப்பி எப்படிப்பா இருக்கு?"ன்னு கேட்டாங்க.

இவரு ஒரு வாய் குடிச்சாரு.

"தண்ணியா இருக்கும்மா"ன்னாரு.