ஒன்றுக்கு ஒன்று

சூளகிரி முனிலட்சுமி குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போனது எண்பத்தெட்டில். கல்குவாரியில் கணவன் இறந்த பிறகு, மகளைத் தங்கை பூவம்மாளிடம் விட்டுவிட்டு, பெங்களூர் ஏஜென்ட் ஒருவர் மூலம் போனாள். கணவனின் அண்ணன் திம்மப்பன் குடும்ப மானம் போகிறது என்று பஸ் நிற்கும் இடம்வரை திட்டிக்கொண்டே வந்தான். அவள் ஏறிவிட்டாள்.

ஊருக்கு அனுப்பியது போக மிஞ்சிய சம்பளத்தைக் கையிலேயே வைத்திருந்தாள். தொண்ணூறு ஆகஸ்டில் ஈராக் ராணுவம் குவைத்துக்குள் புகுந்தது. அவள் வேலை பார்த்த வீட்டார் சவூதிக்குத் தப்பிப் போனார்கள். ஊர் திரும்ப வழி தேடிய இந்தியர்களோடு அவளும் ஒரு பள்ளிக்கூடத்தில் தங்கினாள். அங்கேதான் அந்த உத்தரவைக் கேள்விப்பட்டாள். இனிமேல் ஒரு குவைத் தினாருக்கு ஒரு ஈராக் தினார்தான். அதுவரை கடைத்தெருவில் அதைப்போலப் பல மடங்கு கிடைத்துக்கொண்டிருந்தது.

ஈராக் நோட்டுக்கட்டுகளோடு ஒருவன் பள்ளிக்கூடத்துக்கே வந்தான். ஈராக்கைக் கடந்துதான் போக வேண்டும், வழியில் ரொட்டி வாங்க வேறெந்தப் பணமும் செல்லாது என்றான். பலரும் மாற்றினார்கள். அங்கே அவளுக்குப் பழக்கமான நாகரசம்பட்டிக்காரி ராஜாத்தியும் இருந்ததையெல்லாம் மாற்றிக்கொண்டாள்.

“நாளைக்கு இது வெறுங்காயிதம்டி. ஒண்ணுக்கு ஒண்ணாச்சும் வருதே, மாத்திக்கோ” என்று கெஞ்சினாள்.

“துப்பாக்கியக் காட்டி ஊரப் புடிச்சிக்கினானுங்க. என் ஒழைப்புக்கு வெல வெக்க அவனுங்க யாரு? பசிச்சா பசிக்கட்டும்” என்றாள் முனிலட்சுமி.

நோட்டுகளை உள்பாவாடை மடிப்பில் வைத்துத் தைத்துக்கொண்டாள். பாலைவனப் பயணத்தில் ராஜாத்திதான் தன் ரொட்டியில் பாதியைத் தந்தாள். பஸ் கூலிக்கு முனிலட்சுமியின் கம்மல் போயிற்று. ஜோர்டான் எல்லைக் கூடாரத்தில் அடிமாட்டு விலைக்குக் கேட்டவனிடமும் அவள் மாற்றவில்லை.

ஊரில் அவளுக்குக் காயிதக்காரி என்று பேர் வைத்தான் திம்மப்பன். அவள் ஓசூரில் ஒரு கம்பெனி கேன்டீனில் பாத்திரம் கழுவப் போனாள். ஜூஜுவாடியிலிருந்து ஒரு புரோக்கர் தேடி வந்து, பரிதாபப்பட்டு வாங்கிக்கொள்வதாகச் சொன்னான். செல்லாத காகிதத்துக்காக இவ்வளவு தூரம் பெட்ரோல் போட்டுக்கொண்டு வருவானேன் என்று கேட்டு அவனை அனுப்பிவிட்டாள்.

மறுவருடம் குவைத் மீண்டது. நாடு திரும்பிய எஜமானியம்மா, ஊர் எஸ்.டி.டி. பூத்துக்குப் போன் செய்து மறுபடியும் வேலைக்குக் கூப்பிட்டாள். புது நோட்டு வந்துவிட்டது, கெடுவுக்குள் வந்தால் பழையதை மாற்றலாம் என்றும் சொன்னாள். திம்மப்பன் வாசலை மறித்தான்.

“காயிதத்த நம்பி மறுபடியும் சாவப்போறியா?”

“காயிதமா பணமான்னு நான் போய்ப் பாத்துக்கறேன், மாமா. வழிய விடுங்க.”

குவைத் பேங்க்கில் மடிப்பைப் பிரித்து நோட்டுகளை நீட்டினாள். அத்தனை நோட்டுக்கும் சரிக்குச் சரியாகப் புது நோட்டு தந்தார்கள். வெளியே வந்து வெயிலில் நின்று அழுதாள். ராஜாத்தியின் ஈராக் தினார் அதற்குள் ஒன்றுக்கும் ஆகாமல் போயிருந்தது.

இன்னும் இரண்டு வருடம் உழைத்துத் திரும்பி, சூளகிரி ஹைவே ஓரம் மகள் பேரில் மனை வாங்கினாள். பத்திர ஆபீசுக்குத் திம்மப்பன் புதுச்சட்டையோடு வந்து, குடும்பத்துப் பெரியவன் சாட்சி போட வேண்டும் என்றான்.

“சாட்சிக்கு ஆள் கூட்டியாந்திருக்கேன்” என்று சொல்லிவிட்டு, முனிலட்சுமி பேனாவை ராஜாத்தியிடம் நீட்டினாள்.