இந்தக் கடைக்கு நான் போனதே இல்லைங்க

"இந்தக் கடைக்கு நான் போனதே இல்லைங்க"னு கற்பூரம் அடிக்காத குறையா சத்தியம் பண்றவங்களை, போனீங்க, வாங்கினீங்க, கையெழுத்துக்குப் பதிலா நாலு நம்பரும் அழுத்தினீங்கன்னு ஒத்துக்க வைக்கிறதுதான் எங்க பிழைப்பு.

அம்பத்தூர்ல ஒரு வங்கிக் கிளையில கிரெடிட் கார்டு புகார் டேபிள் என்னோடது. கார்டு வெச்சிருக்கிற சக பாவிகளே, உங்களுக்குத் தெரியாததா? கடை வாசல்ல போர்டு ஒண்ணு இருக்கும், ஸ்டேட்மெண்ட்ல வேற பேரு வரும். இட்லிக் கடை 'என்டர்பிரைசஸ்'னு வரும், செருப்புக் கடை முதலாளியோட மாமியார் பேர்ல வரும். பாதிப் பேருக்குப் பணம் போகலை. ஆனா என் டேபிளுக்கு வந்ததால மானம் போச்சு. அப்படிப் போன மானத்துல எங்க வீட்டுக்காரரோடதும் ஒண்ணு. அந்த மானத்தை வாங்கினவ நான்தான். அதுக்கப்புறம் மனுஷன் என்கூடப் பேசறதையே விட்டுட்டாரு. இனிமே பேசுவாரா மாட்டாராங்கிற பயத்துல நான் சரியாச் சாப்பிடக்கூட இல்லை. வரிசையா சொல்றேன்.

இரும்புக் கடை

பாரிவாக்கத்துல இருந்து புருஷன் பெஞ்சாதி ரெண்டு பேரும் வந்தாங்க. தலைமுறையா நெல்லு போட்ட குடும்பம். இப்போ பாதி நிலம் பிளாட் ஆயிடுச்சு, அவர் தண்ணி லாரி ஓட்டறாரு. ஸ்டேட்மெண்ட்ல ஒரு ஹார்டுவேர் கடை பேரு, எண்ணூத்திச் சொச்சம். "ஒரு ஆணி கூட வாங்கல மேடம், இன்னா அநியாயம் இது?"னு அவர் குதிச்ச குதியில வாட்ச்மேன் எட்டிப் பார்த்தாரு. நான் கடைக்கு போன் போட்டு ஸ்பீக்கர்ல வெச்சேன். அது என் பழக்கம். வந்தவங்க அவங்க காதாலயே கேட்டுட்டா அப்புறம் பேச்சே இருக்காதுல்ல? அதுல எனக்கு ஒரு பெருமையும் கூட.

கடைக்காரர் சாவகாசமா சொன்னாரு: "அன்னிக்குப் பக்கத்து பிரியாணிக் கடையில கார்டு மெஷின் வேலை செய்யலைங்க. நம்ம மெஷினை வாங்கிகினு போயி தேச்சாங்க." எங்க ஏரியாவுல இது சகஜம். பக்கத்து வீட்ல காப்பித் தூள் கேக்கற மாதிரி பக்கத்துக் கடையில மெஷின் கேப்பாங்க. சரி, விஷயம் முடிஞ்சதுன்னு நான் நிமிர்ந்தா, அந்தம்மா ஸ்டேட்மெண்ட்ல தேதியைப் பார்த்துகிட்டு இருக்காங்க. புரட்டாசி சனிக்கிழமை! அவங்க வீட்ல அந்த மாசம் முட்டை கூட வாசப்படி தாண்டாதாம். லாரிக்காரர் தலையைக் குனிஞ்சவர் நிமிரவே இல்லை. அந்தம்மா முந்தானையை இழுத்துச் செருகிட்டு எழுந்தாங்க. "நான் ஊட்ல தளிகை போட்டு கோவிந்தா சொல்லிகினு கீறேன், நீ இரும்புக் கடையில எலும்பு கடிச்சிகினு கீறியா?"

ஆவடிப் பெரியவர்

அதைச் சொல்லிச் சொல்லி ஆபீஸே சிரிச்சுது. நானும் சிரிச்சேன். அடுத்து வந்த பெரியவர் சிரிப்பை நிறுத்தினாரு.

அவர் மகனுக்கு ஆவடி ஃபேக்டரியில வேலை, குவார்ட்டர்ஸ்ல வீடு. அம்மா போயி சில வருஷம் ஆச்சாம், அப்பாவைத் தன்னோட வெச்சிருக்கான். அப்பா கார்டுல மாசா மாசம் ஏதோ ஒரு கம்பெனிக்குப் பணம் போகுது, யாரோ ஏமாத்தறாங்கன்னு கையைப் பிடிச்சு கூட்டிட்டு வந்துட்டான். பெரியவர் "எனக்குத் தெரியாதும்மா, போனாப் போவுது, விடுங்க"ன்னு முனகினாரு. அந்த முனகல்லயே எனக்கு உறைச்சிருக்கணும். உறைக்கலையே! போட்டேன் ஸ்பீக்கரை. ஒரு பொண்ணு கொஞ்சும் குரல்ல, "சார் எங்க பிரீமியம் மெம்பர் மேடம். மறுமணப் பிரிவுல பதிவு பண்ணியிருக்காரு"ன்னா. மகன் என்னைப் பார்க்கலை, அப்பாவைப் பார்க்கலை, சுவத்துல வட்டி விகித போர்டைப் பார்த்தான். பெரியவர் சட்டைப் பொத்தானைத் திருகிகிட்டே இருந்தாரு. எனக்கு நாக்கைப் பிடுங்கிக்கலாம் போல இருந்துது. ஒரு மனுஷன் தனியா இருக்கறது கஷ்டமா இருக்குன்னு யாருக்கும் தெரியாம சொல்லிகிட்ட இடத்துல நான் மைக்கை வெச்சுட்டேன்.

மகன் வண்டி எடுக்கப் போனதும், பெரியவர் வாசல் வரைக்கும் போனவர் திரும்பி வந்தாரு. அவருக்குத் திருநெல்வேலிப் பக்கம். குரலைத் தாழ்த்திச் சொன்னாரு: "அதை நிறுத்திராதம்மா. ரெண்டு பேரு பதில் போடுதோம்னு சொல்லியிருக்காவ."

என் ஸ்டேட்மெண்ட்

இதுக்கப்புறமாவது திருந்தியிருக்கணும்ல? ஒரு வாரம் திருந்தியிருந்தேன். அப்போதான் என் ஸ்டேட்மெண்ட்லயே ஒரு பேரு வந்துது. ஏதோ 'அசோசியேட்ஸ்', பூந்தமல்லி. பழசைப் புரட்டினா மூணு மாசமா மூணு தடவை. என் கார்டோட இணைப்புக் கார்டு வீட்டுக்காரர்கிட்ட இருக்கு, ஆனா மளிகைக் கடை தவிர அவர் எங்கயும் அதை எடுத்ததே இல்லை. எவனோ நம்பரைத் திருடிட்டான்னு முடிவு பண்ணிட்டேன். அவரை ஒரு வார்த்தை கேக்கலாம்னு தோணவே இல்லை. அவர் மண்ணூர்பேட்டையில ஒரு கம்பெனியில சூப்பர்வைசர், ஷிப்ட்ல போன் எடுக்க மாட்டாரு. அதைவிட, திருடனை நேர்ல பிடிக்கிற வித்தையை ஆபீஸுக்குக் காட்டணும்னு எனக்கு ஒரு அரிப்பு. "எல்லாரும் வாங்க, வேடிக்கை பாருங்க"ன்னு கூப்பிட்டு வேற வெச்சேன். சனியன் பிடிச்ச ஸ்பீக்கர்.

ஒரு விஷயம் சொல்லணும். எங்க வீட்டுக்காரருக்கு வண்டி ஓட்டத் தெரியாது. கல்யாணமானதுல இருந்து என் ஸ்கூட்டர்ல பின்னாடிதான். வானகரத்துல வீட்டு வாசல்ல ஏத்தி, கம்பெனி கேட்ல இறக்கிட்டு நான் ஆபீஸ் போவேன். அவரும் ஒரு நாளும் குறை சொன்னதில்லை. சமீபமா சனிக்கிழமை மட்டும் ஓவர்டைம்னு தனியா பஸ்ல போனாரு.

போன்ல ஒரு பொண்ணு. "டிரைவிங் ஸ்கூல் மேடம். ஓனரோட வேற கம்பெனி பேர்ல பில் வரும். இந்தக் கார்டுக்கார சார் டூ வீலர் கத்துக்கறாரு. எட்டு போடறப்ப கால் ஊணிடறாரு மேடம், ரெண்டு தடவை டெஸ்ட்ல போயிடுச்சு. வீட்ல தெரியக் கூடாதுன்னு கேட்டுகிட்டாரு... நீங்க யாரு மேடம் பேசறது?"

ஆபீஸே வெடிச்சு சிரிச்சுது. முதல்ல சிரிச்சது நான். அந்தச் சிரிப்பை இன்னைக்கு நினைச்சாலும் உடம்பு கூசுது. ஏன்னா செக் போட வந்து எதிர் நாற்காலியில உக்கார்ந்திருந்த ஒருத்தர் எங்க வீட்டுக்காரரோட கம்பெனி அக்கவுண்டன்ட். கண்ணைத் துடைச்சுகிட்டே கேட்டாரு: "மேடம், நம்ம சூப்பர்வைசர் சாரா அது?"

பின் சீட்டு

சாயங்காலத்துக்குள்ள கம்பெனி முழுக்கப் பரவிடுச்சு. அவர்கிட்ட வேலை கத்துகிட்டவனுங்களே "எட்டு அண்ணாத்தே"ன்னு கூப்பிட்டானுங்களாம். வீட்டுக்கு வந்தவர் கத்தியிருந்தாக்கூட நான் பதிலுக்குக் கத்தி சமாதானம் ஆயிருப்பேன். அவர் ஒண்ணுமே பேசலை. காலையில ஷேர் ஆட்டோ பிடிச்சுப் போயிட்டாரு. அடுத்த நாளும் அப்படியே. சாப்பாடு வெச்சா சாப்பிட்டாரு, உப்பு வேணும்னா எழுந்து போய் எடுத்துகிட்டாரு. "தப்புதாங்க, மன்னிச்சிடுங்க"ன்னு எத்தனையோ விதமா சொல்லிப் பார்த்தேன். சுவத்துகிட்ட சொல்லியிருக்கலாம். ஊர்ப்பட்ட பேரோட செலவு எதுக்குன்னு தெரிஞ்ச எனக்கு, என் பின்னாடியே உக்கார்ந்து வந்த மனுஷன் மனசுல என்ன இருந்துதுன்னு தெரியலை. நினைச்சு நினைச்சு அழுதேன்.

ஒரு திங்கக்கிழமை, ஸ்கூட்டரை வாசல்ல நிறுத்தி, முன்னாடியும் பின்னாடியும் 'எல்' போர்டு ஒட்டி, சாவியை அதுலயே விட்டுட்டு, ஹெல்மெட் மாட்டிகிட்டுப் பின் சீட்டுல ஏறி உக்கார்ந்துட்டேன். எதிர்வீட்டுக்காரம்மா பார்த்தாங்க. பார்க்கட்டும்னு இருந்தேன். அவர் ஆட்டோவுக்குன்னு வெளிய வந்தவர், என்னைப் பார்த்தாரு, சாவியைப் பார்த்தாரு. கண்ணாடியில தொங்கின இன்னொரு ஹெல்மெட்டை எடுத்து மாட்டினாரு. அப்புறம் ஏறினாரு.

அந்தப் பயணத்தைப் பத்தி என்ன சொல்ல? நடந்து போறவங்க எங்களைத் தாண்டிப் போனாங்க. வழியில பங்க்ல நிறுத்திக் கார்டைத் தேய்ச்சு பெட்ரோல் போட்டாரு. லாரி வந்தப்பல்லாம் நான் கண்ணை மூடிகிட்டேன், வாயைத் திறக்கலை. கம்பெனி கேட்ல பசங்க டீ குடிச்சிகிட்டு நின்னாங்க. "மாமே, அண்ணாத்தே ஓட்டிகினு வராரு பாரு, அண்ணி பின்னாடி கீது!"ன்னு ஒருத்தன் விசில் அடிச்சான். அவர் ரெண்டு காலையும் ஊணித்தான் நிறுத்தினாரு. இறங்கி, ஹெல்மெட்டைக் கழட்டி, சாவியை என் கையில வெச்சு, அத்தனை நாளுக்கு அப்புறம் முதல் தடவையா என் முகத்தைப் பார்த்துப் பேசினாரு: "ஸ்டேட்மெண்ட்ல பெட்ரோல் பங்க் வேற ஏதாவது பேர்ல வரும். அது நான்தான். போன் போட்டுக் கேக்காதே."

எங்க தொழில்ல ஒரு செலவை யார் பண்ணினாங்கன்னு கண்டுபிடிக்கிறது ரொம்ப சுலபம், கண்டுபிடிச்ச அப்புறம் அந்த ஆளோட ஒரே வண்டியில போறதுதான் பெரும்பாடு.