மடையில் கட்டிய நொச்சிக் கிளை

நீலமேகத்துக்கு ஓரிடத்தில் உட்கார வராது. சாப்பிடும்போதே சைக்கிள் சாவியைத் தேடுகிற ஆள். எழுபத்துநாலில் எம்.எல்.ஏ.வாக ஜெயித்துப் புதுச்சேரிக்குப் போனார். அந்தச் சட்டசபை ஒரு மாதம்கூட நிற்கவில்லை. தைக்கக் கொடுத்த இரண்டாவது ஜிப்பா வருவதற்குள் பதவி போய்விட்டது. ஆனாலும் காரைக்கால் பக்கம் திருமலைராயன்பட்டினத்துக்கு மேற்கே இருந்த அந்தக் கிராமம் அவரை எம்.எல்.ஏ. என்றே கூப்பிட்டது. கூப்பிட்டுக் கூப்பிட்டே அவருக்கு ஆசையை வளர்த்துவிட்டார்கள் என்பாள் அவர் மனைவி கமலாம்பாள். அதில் பொய்யில்லை.

பதவி போன பிறகு ஊர் வழக்குகள் அவரிடம் வந்தன. வரப்புத் தகராறு, பாகப்பிரிவினை, வாய்க்கால் தண்ணீர். கோர்ட்டுக்கு அலைய முடியாதவர்களுக்கு அவர்தான் ஜட்ஜ். டீ ஆறுவதற்குள் தீர்ப்பைச் சொல்லிவிட்டு சைக்கிளை எடுத்துவிடுவார், சொன்னதும் நியாயமாகவே இருக்கும். தண்ணீர் வழக்குக்கு மட்டும் ஒரு வழக்கம் உண்டு. வழக்கை எடுத்ததும் மடையில் ஒரு நொச்சிக் கிளையைக் கட்டுவார். தீர்ப்புச் சொல்லி அவரே அவிழ்க்கும்வரை இரண்டு தரப்பும் மடையைத் தொடக்கூடாது. திறந்திருந்தால் திறந்தபடி, அடைத்திருந்தால் அடைத்தபடி கிடக்கும்.

எழுபத்தொன்பது கடைசியில் மறுபடி தேர்தல் வந்தது. நீலமேகம் நின்றார். அந்த வருஷம் மழை முன்னதாகவே விட்டுவிட்டது. மேல்மடைக்காரர் தியாகராசன் மண்மூட்டை போட்டு மடையை அடைத்துவிட்டார் என்று கடைமடையிலிருந்து காசியம்மா வந்து நின்றாள். புருஷன் இல்லாதவள். இருக்கிற மூன்று மா நிலத்தில் பயிர் கதிர் வெளிவரப் பொதி கட்டி நின்றது. இரண்டு தண்ணீர் பாய்ந்தால் தேறிவிடும்.

நீலமேகம் போய்க் கிளையைக் கட்டினார். யார் பக்கம் நியாயம் என்று பார்த்ததுமே தெரிந்துவிட்டது. ஆனால் தியாகராசன் தெருவில் நூற்றைம்பது ஓட்டு. பிரசாரத்துக்கு ஓடிய ஜீப்பும் தியாகராசனுடையது. தேர்தல் முடியட்டும் என்று மனசுக்குள் நினைத்துக்கொண்டு வாய்தா போட்டார். எட்டு நாள் கழித்து இன்னொரு வாய்தா. தொகுதி முழுக்கச் சுற்றியவர் கடைமடைப் பாதைப் பக்கம் மட்டும் தலைகாட்டவில்லை. சோற்றில் கை வைத்தால் அந்தக் கிளைதான் நினைவுக்கு வந்தது. பாதியில் எழுந்துவிடுவார்.

காசியம்மா நினைத்திருந்தால் ஒரு மண்வெட்டி போதும். அவள் தொடவில்லை. அது எம்.எல்.ஏ. கட்டிய கிளை.

கமலாம்பாளுக்குப் பொறுக்கவில்லை. "நீங்க கட்டுனதை வேற யாரு அவுப்பாங்க?" என்று கேட்டாள்.

இன்னும் நாலே நாள் என்று சொல்லிவிட்டு அவர் வெளியே போனார்.

தியாகராசனா ஏமாறுகிறவர்? தீர்ப்பு எப்படி வரும் என்று அவருக்கும் தெரியும். கடைசி நேரத்தில் தெருவையே எதிராளிக்குத் திருப்பிவிட்டார். நீலமேகம் தொண்ணூறு ஓட்டில் தோற்றார். கடைமடைக்காரர்கள் மட்டும் ஒருவர் பாக்கியில்லாமல் அவருக்கே போட்டிருந்தார்கள் என்று பூத் ஏஜெண்டு வந்து சொன்னபோது, அவருக்கு அவமானமாக இருந்தது. தோற்றதற்காக அல்ல.

அன்றைக்கே கடைமடைக்கு சைக்கிளை மிதித்தார். கதிரெல்லாம் வெளுத்துப் பதராகியிருந்தது. காசியம்மா மாட்டுக்காக அதை அறுத்துக்கொண்டிருந்தாள். தீர்ப்பு உன் பக்கம்தான் என்றார்.

"அது எனக்கு அன்னைக்கே தெரியுங்க. பயிருக்குத்தான் தெரியல" என்றாள்.

காய்ந்த கிளையை அவிழ்த்து எறிந்தார். அதற்குப் பிறகு அவர் தேர்தலில் நிற்கவில்லை, எந்த மடையிலும் கிளை கட்டவுமில்லை. தண்ணீர் வழக்கு என்றால் மடையிலேயே நின்று தீர்ப்புச் சொல்லி, மூட்டையைத் தன் கையாலேயே தூக்கிப் போட்டார். ஊர் மெச்சியது. காசியம்மா மட்டும் எந்த வழக்கோடும் வரவில்லை. வருஷா வருஷம் அவரே கடைமடை வரை போய், தண்ணீர் வந்ததா என்று கேட்பார். "வந்துச்சுங்க" என்பாள்.

எண்பத்தாறில் மேலே யாரோ மறுபடி அடைத்துவிட்டார்கள். அவள் வயல் வெடித்துக் கிடந்தது. நீலமேகம் வரப்பில் நின்று அதே கேள்வியைக் கேட்டார்.

காசியம்மா வெடித்த மண்ணில் நின்றபடியே சொன்னாள்: "வந்துச்சுங்க."